அறுத்துக் கட்டும் வழக்கம்

கும்மிடிப்பூண்டிக்குத் தெற்கே, ஆரணியாற்றை ஒட்டிய சிற்றூர் ஒன்றுக்குச் சில ஆண்டுகளுக்கு முன் துக்கம் விசாரிக்கச் சென்றிருந்தோம். நம்மிடம் இளங்கலைத் தமிழ் பயின்ற மாணவி ஒருத்தியின் அக்காள் கணவர் சாலை விபத்தில் இறந்திருந்தார். இரவுப்பணி முடித்து விடியற்காலையில் வண்டியில் திரும்பியவர்மீது லாரி மோதியது. அக்காளுக்கு வயது இருபத்து நான்கு. மடியில் இரண்டு வயதுக் குழந்தை. காரியம் எல்லாம் முடிந்து ஓராண்டு கழிந்தபின், தூரத்து உறவினர் ஒருவர் அப்பெண்ணை மணக்க முன்வந்தார். பெண்ணுக்கும் சம்மதம். தந்தைதான் மறுத்தார். அவர் சொன்ன காரணம் ஒன்றே ஒன்று: “நம்ம வழக்கத்துல அது கிடையாது.”

இதை நம்மிடம் சொல்லிவிட்டு, அந்த மாணவி இன்னொன்றையும் சொன்னாள். தந்தை அவ்வாறு மறுத்தபோது, சுவரோரம் சாய்ந்து வெற்றிலை இடித்துக்கொண்டிருந்த அவருடைய தாய், அதாவது இவர்களுடைய பாட்டி, இடிப்பதை நிறுத்தினாளாம். “இன்னாடா வழக்கம் கிடையாது? நானே அறுத்துக் கட்டினவதான். உன்னப் பெத்ததே ரெண்டாங்கட்டு புருசனுக்குத்தான்” என்றாளாம். வீட்டில் அதன்பின் யாரும் பேசவில்லை. தம் தாயின் முதல் மணத்தைப் பற்றித் தந்தைக்குத் தெரியாமல் இருந்திருக்க முடியாது. ஆனால் அவருடைய பிள்ளைகள் அன்றுதான் முதன்முறையாக அதைக் கேட்டார்கள்.

அந்தக் குடும்பம் எந்தச் சாதி என்பதை இங்கே நாம் குறிப்பிடப் போவதில்லை. திருவள்ளூர் மாவட்டத்தின் உழைக்கும் சாதிகளில் எதுவாகவும் அது இருக்கலாம். ஒரு வழக்கம் இரண்டே தலைமுறைக்குள் எவ்வாறு மறைகிறது, மறைந்ததோடு நில்லாமல் எவ்வாறு ‘எப்போதுமே இருந்ததில்லை’ என்றாகிறது என்பதே நம் கேள்வி. அதற்கு விடை தேடிச் சற்றுப் பின்னோக்கிச் செல்ல வேண்டியிருக்கிறது.

மேல்சாதியாரின் பழக்கங்களைப் பின்பற்றிச் சமூக ஏணியில் மேலேறுவதைப் பற்றிப் பேசுவோர் எம். என். சீனிவாஸின் பெயரைச் சொல்லியே தொடங்குவர். குடகு மக்களைப் பற்றி அவர் எழுதி 1952இல் வெளியான நூலில் இதற்கொரு பெயர் சூட்டினார். தமிழில் அதைச் சமஸ்கிருதமயமாதல் என்றும், மேல்நிலையாக்கம் என்றும் வழங்குகிறோம். புலாலையும் கள்ளையும் விலக்கி, சடங்குகளையும் தெய்வங்களையும் சமஸ்கிருத மரபுக்கு ஏற்ப மாற்றிக்கொள்வதன் வாயிலாக ஒரு கீழ்நிலைச் சாதி ஒன்றிரண்டு தலைமுறைகளில் மேல்நிலையை எட்டக்கூடும் என்பது அவர் கருத்து. சாதியமைப்பு அசையாத கற்பாறை என்று அதுவரை எண்ணியிருந்த ஆய்வாளர்களுக்கு இது ஒரு திறப்பாக அமைந்தது.

ஆனால் அதற்கு முப்பத்தாறு ஆண்டுகளுக்கு முன்பே, 1916ஆம் ஆண்டு மே மாதத்தில், கொலம்பியா பல்கலைக்கழகத்தின் மானிடவியல் கருத்தரங்கொன்றில் இருபத்தைந்து வயது மாணவர் ஒருவர் இதனினும் கூர்மையான கட்டுரையை வாசித்திருந்தார். அவர் அம்பேத்கர். சாதியின் சாரம் அகமணமே என்பது அவருடைய வாதம். அகமணத்தைக் கட்டிக்காக்க வேண்டுமாயின் கணவனை இழந்த பெண்ணை என்ன செய்வது என்னும் சிக்கல் எழும். அதற்கு மேல்சாதி கண்ட வழிகளே உடன்கட்டை, கட்டாயக் கைம்மை, சிறுமியர் மணம் ஆகியவை. முதலில் புரோகித வகுப்பு தன் கதவை அடைத்துக்கொண்டது. ஏனையோர் அதைப் பார்த்துத் தம் கதவுகளை அடைத்துக்கொண்டனர். பிராமணர்க்கு மிக அருகில் இருந்த சாதிகள் இம்மூன்று வழக்கங்களையும் மேற்கொண்டன. சற்றுத் தள்ளியிருந்தவை கட்டாயக் கைம்மையையும் சிறுமியர் மணத்தையும் மேற்கொண்டன. இன்னும் தள்ளியிருந்தவை சிறுமியர் மணத்தை மட்டும் மேற்கொண்டன. மிகத் தொலைவில் இருந்தவை சாதி என்னும் கொள்கையை மட்டும் ஏற்றுக்கொண்டன என்று அவர் வரிசைப்படுத்தினார். ஏணியில் ஒரு சாதி எந்தப் படியில் நிற்கிறது என்பதை அறிய, அதன் பெண்களுக்கு எத்தனை கதவுகள் அடைக்கப்பட்டிருக்கின்றன என்று எண்ணினால் போதும் என்பதே அந்த வரிசையின் பொருளாகிறது. சீனிவாஸும் பின்னாளில் இதை ஒப்புக்கொண்டார். பிராமணரல்லாத சாதிகளில் மணமுறிவும் மறுமணமும் இயல்பாக இருந்தன என்பதையும், சமஸ்கிருதமயமாதல் பெண்களிடம் கடுமையாக நடந்துகொள்வதில் போய் முடிகிறது என்பதையும் 1956ஆம் ஆண்டுக் கட்டுரையில் அவரே குறித்திருக்கிறார்.

இந்த ஏறுதல் ஆங்கிலேயர் காலத்தில் தோன்றியது என்று எண்ணுவது பிழை. கருவூரை உள்ளடக்கிய வெங்கால நாட்டுக் கம்மாளர்க்குக் கோனேரின்மைகொண்டான் என்னும் பட்டம் பூண்ட மன்னன் ஒருவன் வழங்கிய உரிமைகளைக் கூறும் கல்வெட்டு ஒன்று உண்டு. நன்மை தீமைகளில் இரட்டைச் சங்கு ஊதலாம், பேரிகை கொட்டலாம்; வெளியே செல்லும்போது காலில் செருப்பு அணியலாம்; வீட்டுச் சுவருக்குச் சாந்து பூசலாம். இவைதாம் அந்த உரிமைகள். இவற்றை ஓர் அரசன் கல்லில் வெட்டிக் கொடுக்க வேண்டியிருந்தது என்றால், அதற்கு முதல் நாள்வரை அவர்களுக்கு இவை மறுக்கப்பட்டிருந்தன என்பது வெளிப்படை. கோயிலைக் கட்டி, சிலையை வடித்து, ஏருக்குக் கொழு அடித்துக் கொடுத்தவர்கள் தம் வீட்டுச் சுவருக்குச் சாந்து பூச அரசாணை வேண்டியிருந்தது.

கம்மாளரின் இந்தப் போராட்டம் நம் வட்டாரத்துக்கு அண்மையிலேயே இன்னொரு கட்டத்தை எட்டியது. இன்று திருவள்ளூர் மாவட்டத்தில் உள்ள திருத்தணி 1960வரை சித்தூர் மாவட்டத்தைச் சேர்ந்திருந்தது. அந்தச் சித்தூரில், பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில், தம் வீட்டு மணங்களைத் தம் குலத்துப் புரோகிதரைக் கொண்டே வேத மந்திரங்களோடு நடத்த விசுவகர்மர்க்கு உரிமை உண்டா என்னும் வழக்கு எழுந்தது. பஞ்சாங்கப் பிராமணர்கள் எதிர்த்தார்கள். 1818இல் சித்தூர் ஜில்லா அதாலத்து நீதிமன்றம் விசுவகர்மர் பக்கம் தீர்ப்பளித்தது. அத்தீர்ப்பு தமிழில் சிறு நூலாகப் பின்னாளில் அச்சாகிப் பரவியது. அரசனிடம் சென்று நின்றவர்கள் இப்போது நீதிமன்றத்திற்குச் சென்றார்கள். இனி அடுத்து வந்தவர்கள் சென்று நின்ற இடம் இவ்விரண்டினும் விந்தையானது. அது மக்கள்தொகைக் கணக்கெடுப்பு அலுவலகம்.

பழைய செங்கற்பட்டு, வடஆர்க்காடு, தென்னார்க்காடு மாவட்டங்களில் மிகுதியாக வாழ்ந்த வேளாண் குடிகள், பள்ளி என்ற பெயரால் அன்று பதிவேடுகளில் குறிக்கப்பட்டனர். இவர்களே வன்னியர். நம் பகுதியில் நாயகர் என்ற பட்டமும், தெற்கே படையாட்சி, கவுண்டர் என்ற பட்டங்களும் இவர்களுக்கு வழங்கும். 1833இல் புதுச்சேரியில், தாங்கள் தாழ்ந்த சாதியினர் அல்லர் என்று ஆணை பெற இவர்கள் முயன்றதாகத் தர்ஸ்டனின் தொகுப்பு கூறுகிறது. 1871ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்போது தங்களைச் சத்திரியர் எனப் பதியுமாறு விண்ணப்பித்தனர். 1888இல் சென்னையில் வன்னியகுல சத்திரிய மகா சங்கம் தோன்றியது. 1891இல் அய்யாக்கண்ணு நாயகரின் ‘வன்னிகுல விளக்கம்’ வெளிவந்தது. யாகத்தீயில் தோன்றிய வீர வன்னியன் கதையும், பள்ளி என்ற சொல்லைப் பல்லவரோடு இணைக்கும் விளக்கமும் இக்காலத்தில் அச்சேறின. 1901ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் ரிஸ்லி, சாதிகளைச் சமூக முதன்மையின் வரிசைப்படி அடுக்க முனைந்ததும், நாடெங்கிலும் விண்ணப்பங்கள் வந்து குவிந்தன. சென்னை மாகாணத்தில் இம்முயற்சி 1931இல் பலன் தந்தது. அவ்வாண்டுக் கணக்கெடுப்பில் பழைய பெயர் நீங்கி, வன்னியகுல சத்திரியர் என்ற பெயர் மட்டும் நின்றது.

இதை எள்ளி நகையாட நமக்கு உரிமையில்லை. ஒரு மனிதனின் பெயரையே வசைச்சொல்லாக்கி வைத்திருந்த சமூகத்தில் அவன் அப்பெயரை மாற்றிக்கொள்ள அறுபது ஆண்டுகள் போராடினான் என்றால், இழிவு அவனிடத்தில் இல்லை. அப்பெயரை அவ்வாறு ஆக்கியவர்களிடத்தில்தான் இருக்கிறது. தீயிலிருந்து பிறந்தோம் என்ற கதையும் முற்றிலும் கடன் வாங்கியதன்று. நம் வட்டாரத்துத் தருமராஜா கோயில்களில் தெருக்கூத்தாகப் பாரதம் நிகழ்த்தித் தீமிதிக்கும் மக்களுக்கு, வேள்வித்தீயில் தோன்றிய திரௌபதி நெடுங்காலமாகவே வீட்டுத் தெய்வம். தமக்கென்று இருந்ததை எடுத்து, அதிகாரம் புரிந்துகொள்ளும் மொழியில் அவர்கள் பெயர்த்துச் சொன்னார்கள்.

ஆயினும் அந்த மொழிக்கு ஒரு விலை இருந்தது. மேலானவர் என மெய்ப்பிக்க வேண்டுமாயின், மேலானவரின் ஒழுக்கம் தம்மிடமும் உண்டு என்று காட்ட வேண்டும். சடங்கு நேரங்களில் பூணூல் அணிவதும், பிராமணப் புரோகிதரை அழைப்பதும் ஆண்களுக்கு எளிய காரியங்கள். புலாலைக் கைவிடுவது அரிது, பலர் கைவிடவில்லை. எல்லாரும் காணும்படி, செலவில்லாமல் செய்யக்கூடிய காரியம் ஒன்று இருந்தது. அது வீட்டுப் பெண்ணின் மறுமணத்தை நிறுத்துவது.

அறுத்துக் கட்டுதல் என்பது தமிழ்நாட்டின் உழைக்கும் சாதிகள் பலவற்றில் இயல்பாக இருந்த ஏற்பாடு. கணவனை இழந்தவளும், ஊர்ப் பஞ்சாயத்தின் முன் தீர்த்துக்கொண்டவளும் பழைய தாலியை அறுத்துவிட்டு வேறொருவன் கையால் தாலி கட்டிக்கொள்வார்கள். முதல் மணத்தைப் போல மேளதாளம் இராது. பந்தல் சிறியதாக இருக்கும். சுமங்கலிச் சடங்குகளில் சில கட்டுப்பாடுகள்கூட இருக்கும். ஆனால் வாழ்க்கை தொடரும். வயலில் இறங்கி நாற்று நடுகிறவளை மூலையில் உட்கார வைக்க எந்த ஏழைக் குடும்பத்தாலும் இயலாது. இந்த ஏற்பாட்டைத்தான் ‘அறுத்துக் கட்டுகிற சாதி’ என்ற வசையாக மேல்சாதிகள் திரித்தன. வசையைத் துடைக்க விரும்பிய சாதிச் சங்கங்கள் பலவும், வசைபாடியவனைத் திருத்துவதை விட்டுத் தம் பெண்களைத் திருத்தப் புறப்பட்டன.

இதில் காலத்தின் முரண் ஒன்றையும் காண வேண்டும். ஈசுவர சந்திர வித்யாசாகர் போன்றோரின் முயற்சியால் இந்துக் கைம்பெண் மறுமணச் சட்டம் 1856இல் நிறைவேறியது. மறுமணம் மறுக்கப்பட்டிருந்த மேல்சாதிப் பெண்களுக்காக எழுந்த சட்டம் அது. அதே சட்டத்தின் இரண்டாம் பிரிவு, மறுமணம் புரிபவள் இறந்த கணவனின் சொத்தில் தனக்குள்ள உரிமையை இழப்பாள் என்றது. அப்படியாயின், வழிவழியாக மறுமணம் செய்துவந்த சாதிப் பெண்களின் நிலை என்ன? அவர்கள் இந்தச் சட்டத்தின் உதவி இல்லாமலே மணந்துகொண்டிருந்தவர்கள் ஆயிற்றே! அலகாபாத் உயர்நீதிமன்றம், இப்பிரிவு அவர்களைக் கட்டுப்படுத்தாது என்றது. சென்னை, பம்பாய், கல்கத்தா உயர்நீதிமன்றங்கள் கட்டுப்படுத்தும் என்றன. மேலே இருந்தவளுக்குத் திறந்த கதவு, கீழே இருந்தவளின் வீட்டில் இவ்வாறு பாதி மூடியது. சாதிச் சங்கமும் சட்டமும், ஒன்றையொன்று அறியாமலே, ஒரே பெண்ணை இரு பக்கமும் நெருக்கின.

பரிசத்தின் கதையும் இதைப் போன்றதே. மாப்பிள்ளை வீட்டார் பெண் வீட்டாருக்குப் பணமோ, நகையோ, நெல்லோ கொடுத்துப் பெண் கேட்பது பரிசம். உழைக்கும் சாதிகளில் இதுவே பெருவழக்காக இருந்தது. பெண்ணின் உழைப்புக்கு மதிப்பு இருந்ததால், அவளை இழக்கும் வீட்டுக்கு ஈடு செய்ய வேண்டும் என்ற நியாயம் அதன் உள்ளே இருந்தது. சாத்திரம் இதைப் பெண்ணை விற்பது என்று இகழ்ந்தது. கன்னிகாதானத்தையே உயர்ந்த மணம் என்றது. பரிசத்தை விட்டுத் தட்சணைக்கு மாறுவது கௌரவம் ஆயிற்று. பரிசம் போடுவது என்ற சொல் இன்றும் நம் ஊர்களில் நிச்சயதார்த்தத்தைக் குறிக்க வழங்குகிறது. ஆனால் அந்தப் பரிசத் தட்டைச் சுற்றி உட்கார்ந்து பெண்ணின் தந்தை ஒப்புக்கொள்வது எத்தனை சவரன், எந்த வண்டி என்ற கணக்கை. சொல் ஒரு திசையில் நிற்க, பொருள் எதிர்த் திசைக்குச் சென்றுவிட்டது.

ஏறுகிறவன் கொடுத்த விலைகளில் ஒன்று இது. அவனுடைய வீட்டுக்குள்ளேயே கொடுத்தது. இன்னொரு விலை அவனுக்குக் கீழே இருந்தவனிடம் பெறப்பட்டது. பிறரைப் பார்த்து உயர்வது என்பது எல்லார்க்கும் திறந்த வழியாக ஒருநாளும் இருந்ததில்லை. திருவிதாங்கூரில் தோள்சீலைக் கலகத்தின் முடிவில், 1859இல் மன்னர் ஓர் அறிவிப்பை வெளியிட்டார். நாடார் பெண்கள் மார்பை மறைத்துக்கொள்ளலாம். ஆனால் மேல்சாதிப் பெண்கள் மறைப்பதைப் போல மறைக்கக்கூடாது என்பது அதன் சாரம். ஆடை அணிவதைக்கூடப் பொறுத்துக்கொண்டார்கள். தம்மைப் போல அணிவதைப் பொறுக்கவில்லை. பின்னர், 1930ஆம் ஆண்டு திசம்பரில், இராமநாதபுரத்தில் ஆதிக்கசாதியினர் ஆதிதிராவிடர்மீது எட்டுத் தடைகளை விதித்தனர். அடுத்த ஆண்டு அவை பதினொன்றாக வளர்ந்தன. பொன், வெள்ளி நகை அணியக்கூடாது, முழங்காலுக்குக் கீழே வேட்டி இறங்கக்கூடாது, சட்டை போடக்கூடாது, குடை பிடிக்கக்கூடாது, செருப்பு அணியக்கூடாது. ஹட்டன் தம் நூலில் இவற்றைப் பதிந்திருக்கிறார். வெங்கால நாட்டுக் கல்வெட்டை நினைவில் வைத்துக்கொண்டு இந்தப் பட்டியலைப் படித்தால், நூற்றாண்டுகள் பல கடந்தும் அதே செருப்பு அங்கே கிடப்பதைக் காணலாம். நேற்றுத் தான் பெற்றதை இன்று அடுத்தவனுக்கு மறுப்பதும் பின்பற்றலின் ஒரு பகுதியாகவே இருந்து வந்திருக்கிறது. தீண்டாமைக்கோட்டை இந்த வழியில் கடக்க இயலாது என்பதைச் சீனிவாஸும் ஏற்றார்.

அதனால்தானோ என்னவோ, வேறு வழிகளை முதலில் எண்ணிப் பார்த்தவர்களும் அந்தக் கோட்டுக்கு அப்பால் நின்றவர்களே. பழைய செங்கற்பட்டு மாவட்டத்துக் கோழியாளத்தில் பிறந்த இரட்டைமலை சீனிவாசன் 1893இல் இதழொன்றைத் தொடங்கி, அதற்குப் ‘பறையன்’ என்றே பெயரிட்டார். ஒரு புறம் பெயரை மாற்றிக்கொள்ள விண்ணப்பங்கள் பறந்துகொண்டிருந்த அதே ஆண்டுகளில், இழிவாகச் சொல்லப்பட்ட பெயரையே தலைப்பில் தாங்கி ஓர் இதழ் வெளிவந்தது. அயோத்திதாசப் பண்டிதர் இன்னொரு திசையில் சென்றார். 1898இல் சென்னை இராயப்பேட்டையில் சாக்கிய பௌத்த சங்கத்தைத் தொடங்கிய அவர், மேலே இருப்பவனைப் போல ஆக வேண்டியதில்லை, அவனுக்கு முன்பே நமக்கொரு மேன்மை இருந்தது என்று வாதிட்டார். அவருடைய வரலாற்று விளக்கங்கள் அனைத்தையும் இன்றைய ஆய்வு ஏற்குமா என்பது வேறு. ஏணியையே மறுத்தவர் அவர் என்பது இங்கே நமக்கு முக்கியம்.

ஏணியைப் பொதுமேடையில் வைத்து மறுத்த நிகழ்ச்சியும் நம் பழைய மாவட்டத்திலேயே நடந்தது. 1929ஆம் ஆண்டு பிப்ரவரி 17, 18 தேதிகளில் செங்கற்பட்டில் முதல் சுயமரியாதை மாகாண மாநாடு கூடியது. சாதிப் பட்டங்களைத் துறப்பது என்ற தீர்மானம் பலருக்கும் நினைவிருக்கும். அதே மாநாடு பெண்களுக்குச் சொத்துரிமை, மணவிலக்கு உரிமை, கைம்பெண் மறுமணம் ஆகியவற்றையும் தீர்மானித்தது என்பதைச் சேர்த்து நினைக்கிறவர்கள் குறைவு. சாதிப் பட்டத்தை விடுவதும் பெண்ணின் கட்டை அவிழ்ப்பதும் ஒரே காரியத்தின் இரு பகுதிகள் என்று அந்த மாநாட்டைக் கூட்டியவர்கள் சரியாகவே கணித்திருந்தார்கள். 1967இல் சுயமரியாதைத் திருமணமும் சட்டத்தின் ஏற்பைப் பெற்றது. தமிழ்நாட்டார் பெயர்களுக்குப் பின்னே இருந்த பட்டங்கள் பெரும்பாலும் உதிர்ந்தன. தீர்மானத்தின் எளிய பாதி நிறைவேறியது.

அரசியலிலும் திசை மாறியது. மேலே இருக்கிறோம் என்று விண்ணப்பித்தவர்களின் பேரர்கள், பின்தங்கியிருக்கிறோம் என்று போராடினார்கள். 1980இல் வன்னியர் சங்கம் தொடங்கியது. 1987இல் ஒருவார காலச் சாலை மறியலில் இருபத்தொருவர் உயிரிழந்தனர். 1989இல் மிகவும் பிற்படுத்தப்பட்டோர் பிரிவுக்கு 20 விழுக்காடு ஒதுக்கீடு வந்தது. அந்தப் பட்டியலை எடுத்துப் பார்த்தால் ‘வன்னியகுல சத்திரியர்’ என்ற பெயர் அப்படியே இருக்கும். 1931இல் போராடிப் பெற்ற பெருமையும், 1989இல் போராடிப் பெற்ற உரிமையும் ஒரே வரியில் அமர்ந்திருக்கின்றன. இதில் நகைக்க ஒன்றுமில்லை. முன்னது கௌரவத்தைக் கேட்டது. பின்னது கல்வியையும் வேலையையும் கேட்டது. இரண்டாவது கேள்வியில், எந்தப் பெண்ணையும் மூலையில் உட்கார வைக்க வேண்டிய தேவை எழவில்லை என்பதை மட்டும் குறித்துக்கொள்வோம். அடுத்த கணக்கெடுப்பில் சாதியும் எண்ணப்படும் என்று ஒன்றிய அரசு 2025இல் அறிவித்திருக்கிறது. இம்முறை விண்ணப்பங்கள் எத்திசையில் பறக்கும் என்பதை ஊகிக்க அறிஞர் எவரும் தேவையில்லை.

அப்படியானால் பழைய ஏணி கழற்றி வைக்கப்பட்டுவிட்டதா? கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டையைச் சுற்றியுள்ள ஊர்களில் ஒரு நாள் நடந்து பாருங்கள். ஆடி மாதத்தில் கூழ் வார்க்கப்பட்ட பொன்னியம்மனும் கெங்கையம்மனும் இன்று சிமெண்டுக் கோபுரத்தின் கீழ் ‘ஸ்ரீ’ என்ற அடைமொழியோடு வீற்றிருக்கிறார்கள். யாகசாலை அமைத்துக் கும்பாபிஷேகம் நடக்கிறது. பரம்பரைப் பூசாரி ஓரமாய் நிற்கிறார். கிடா வெட்டு நிற்கவில்லை. ஆனால் சந்நிதிக்கு எதிரே வெட்டியது கோயிலுக்குப் பின்புறம் நகர்ந்திருக்கிறது. 1950ஆம் ஆண்டுப் பலித்தடைச் சட்டத்தை 2003இல் அரசு கடுமையாகச் செயல்படுத்த முனைந்து, எதிர்ப்புக்குப் பின் 2004இல் அச்சட்டத்தையே நீக்கியது. சட்டம் நீங்கிய பிறகும் கூச்சம் நீங்கவில்லை.

தொழிற்பேட்டை இன்னொரு படியையும் கொண்டு வந்திருக்கிறது. நிரந்தரப் பணியாளன், ஒப்பந்தப் பணியாளன் என்ற பிரிவு இங்கே மணச்சந்தையின் அளவுகோல். ‘பர்மனென்ட்’ மாப்பிள்ளைக்கு ஒரு சவரன் கணக்கு, ‘காண்ட்ராக்ட்’ மாப்பிள்ளைக்கு வேறு கணக்கு. வரதட்சணை பற்றி 1984இல் வெளியான சொற்பொழிவில், இன்றைய வரதட்சணை பழைய சாத்திர வழக்கத்தின் வெறும் நீட்சியன்று என்று சீனிவாஸ் வாதிட்டார். பணப் பொருளாதாரமும் படிப்பும் மாதச் சம்பளம் தரும் வேலைகளும் சேர்ந்து பெற்ற பிள்ளை அது என்பது அவர் முடிவு. நம் ஊர்களில் அதைக் கண்கூடாகக் காண்கிறோம். இன்று யாரும் பிராமணரைப் பார்த்து வரதட்சணை கேட்பதில்லை. அடுத்த தெருவில் வாங்கியவனைப் பார்த்துக் கேட்கிறார்கள். ஆனால் கௌரவம் என்றால் பெண் வீட்டார் கொடுப்பது என்னும் இலக்கணம் பழைய ஏணியிலிருந்து வந்தது. அதே ஆலைகளில் பொருத்துப் பணியில் நாள் முழுதும் நின்று, தன் தட்சணைக்குத் தானே சேமிக்கும் பெண்கள் நம் வகுப்புகளில் படித்தவர்கள். உழைப்புக்கு மதிப்பு உண்டு என்பதால் பரிசம் பெற்ற பாட்டியின் பேத்தி, மாதச் சம்பளம் வாங்கிக்கொண்டே தட்சணையும் கொடுக்கிறாள்.

இப்போது அந்தத் தந்தையை நாம் சற்றுப் பரிவோடு பார்க்கலாம். அவர் பொய் சொல்லவில்லை. அவருடைய வழக்கம் அதுவாகத்தான் ஆகியிருந்தது. அம்பேத்கர் வரைந்த அந்த வரிசையில் அவருடைய தாய் நின்ற இடத்திலிருந்து உள்நோக்கி ஓரடி எடுத்து வைத்திருந்தார். கூரை வீடு மாடி வீடானதையும், மகன் ஆலையில் சேர்ந்ததையும், ஊர்க்கோயில் கும்பாபிஷேகத்தில் தம் பெயர் உபயதாரர் பட்டியலில் ஏறியதையும் போலவே, ‘எங்கள் வீட்டில் அறுத்துக் கட்டுவதில்லை’ என்பதையும் அவர் தம் உழைப்பால் ஈட்டிய சொத்தாகவே எண்ணினார். அந்தச் சொத்தை இருபத்து நான்கு வயது மகளின் பெயரில் அடகு வைத்திருக்கிறோம் என்பது மட்டும் அவருக்குப் புலப்படவில்லை. தம் தாய் வாய் திறந்து சொன்னபோது அவருக்கு வந்தது கோபம் என்று மாணவி சொன்னாள். நமக்கு அது அச்சமாகவே தோன்றியது.

மணம் நடந்தது. சிறுவாபுரி முருகன் கோயிலில், ஒரு வெள்ளிக்கிழமை காலை, இருபது பேர் கூடியிருப்பார்கள். அழைப்பிதழ் அடிக்கவில்லை. தந்தை வந்திருந்தார்; தூணுக்குப் பின்னால் நின்றார். குழந்தை பாட்டியின் மடியில் இருந்தது. தாலி கட்டி முடிந்ததும் உறவுப் பெண் ஒருத்தி, ஆறுதல் சொல்வதாக எண்ணிக்கொண்டு, காலம் மாறிவிட்டது என்றாள். பாட்டி நிமிர்ந்து பார்த்து, “காலம் இன்னா மாறுச்சு? முன்ன இருந்ததுதானே” என்று சொல்லிவிட்டுக் குழந்தையின் வாயில் சர்க்கரைப் பொங்கலை ஊட்டத் தொடங்கினாள்.